எதிர்ப்பக்கம் உட்கார்ந்திருப்பது யார்? - டோக்கியோவில் ஒரு பழைய வீடியோ கேம் கடை

டோக்கியோவுக்குப் போய் ஒரு வாரம் ஆகியிருந்தது. அசகுசாவில் சென்சோ-ஜி கோயில், மெய்ஜி ஆலயம், உவெனோ பூங்கா என்று பட்டியல் போட்டதையெல்லாம் பார்த்தாகிவிட்டது. அன்று சனிக்கிழமை. காபி டம்ளரைக் கீழே வைத்துவிட்டு மகன் மெதுவாக ஆரம்பித்தான்.

"இத்தனை நாளா நீ கேட்ட இடத்துக்கெல்லாம் கூட்டிட்டுப் போனேன்ல? இன்னைக்கு நான் சொல்ற இடத்துக்கு நீ வரணும்மா. ஆனா திட்டக் கூடாது."

திட்டக் கூடாது என்றதுமே எனக்குப் புரிந்துவிட்டது. நாற்பதை நெருங்குகிற பிள்ளை இன்னும் அம்மா திட்டுவாளோ என்று பயப்படுகிற விஷயம் ஒன்றே ஒன்றுதான். வீடியோ கேம்.

ஷின்ஜுகுவில் யமனோடே ரயில் ஏறினோம். டோக்கியோ நகரத்தை வளையமாகச் சுற்றிவரும் பச்சை ரயில் இது. ஒரு சுற்றுக்கு 30 ஸ்டேஷன். சுற்றி முடிக்க ஏறக்குறைய ஒரு மணி நேரம். ஷின்ஜுகுவிலிருந்து இரண்டாவது ஸ்டேஷன் தகதானோபாபா. பெயரைச் சொல்லிப் பழகவே எனக்கு இரண்டு நாள் ஆனது. வசேடா பல்கலைக்கழக மாணவர்கள் இறங்கி ஏறும் இடம் என்பதால் பிளாட்பாரம் முழுக்க இளவட்டங்கள்.

கதவு மூடுவதற்கு முன் ஸ்பீக்கரில் ஒரு சின்ன பாட்டு. "இது ஆஸ்ட்ரோ பாய் கார்ட்டூன் பாட்டும்மா" என்றான். டெசுகா ஒசாமு என்ற ஓவியர் உருவாக்கிய குட்டி ரோபோ. கதைப்படி அவன் பிறந்த தேதி 2003 ஏப்ரல் 7. பிறந்த இடம் இதே தகதானோபாபா. கதையில் பிறந்த ஒரு பிள்ளைக்காக ரயில்வே ஸ்டேஷனில் நிஜமாகவே பாட்டுப் போடுகிற ஊர்! அங்கேயே என் மனசு கொஞ்சம் இளகிவிட்டது என்றுதான் சொல்ல வேண்டும்.

முகம் தெரியாத எதிராளி

ஸ்டேஷனிலிருந்து கொஞ்ச தூரம் நடந்தால் கேம் சென்டர் மிகாடோ. மாடியும் கீழுமாக இரண்டு தளம். உள்ளே காலை வைத்ததும் சத்தம்தான் முதலில் வந்து மோதுகிறது. இருபது கல்யாண மண்டபங்களில் ஒரே நேரத்தில் கெட்டிமேளம் கொட்டினால் எப்படி இருக்கும்? அப்படி.

ஆனால் கூட்டத்தைப் பார்த்தபோது நான் நினைத்தது போல இல்லை. பொறுக்கிப் பையன்கள் யாரும் கண்ணில் படவில்லை. டை கட்டிய அலுவலகக்காரர் ஒருவர் பையைக் காலடியில் வைத்துவிட்டு ஆடிக்கொண்டிருந்தார். என் வயதை ஒத்த ஒருவர் துண்டால் கையைத் துடைத்துத் துடைத்து ஆடினார். புகையும் இல்லை. முன்பெல்லாம் இந்த மாதிரிக் கடைகளில் சிகரெட் புகை மண்டிக் கிடக்குமாம். 2020 ஏப்ரலில் வந்த சட்டத்துக்குப் பிறகு தனி அறையில்தான் புகைக்க முடியும்.

முழங்கால் உயரத்துக்கு மேல் இல்லாத குட்டி ஸ்டூல்கள். ஒவ்வொரு பெட்டியிலும் பழைய கண்ணாடிக் குழாய் டிவி. இடது கைக்கு உருண்டைத் தலை வைத்த ஒரு குச்சி. வலது கைக்கு ஆறு பட்டன்: மூன்று குத்துக்கு, மூன்று உதைக்கு. மெல்லக் குத்துவது, நடுத்தரமாக, ஓங்கிக் குத்துவது என்று வரிசை.

எனக்கு வியப்பாக இருந்தது பெட்டிகளை வைத்திருந்த விதம். இரண்டு பெட்டிகளை முதுகோடு முதுகு ஒட்டி வைத்திருக்கிறார்கள். நீங்கள் இந்தப் பக்கம் உட்கார்ந்து தனியாக விளையாடிக்கொண்டிருக்கும்போது, அந்தப் பக்கம் யாரோ வந்து நூறு யென் காசைப் போடுகிறார். உடனே உங்கள் திரையில் சவால் வந்துவிடும். எதிரில் இருப்பது கிழவரா, பள்ளிக்கூடப் பையனா, பெண்ணா என்று தெரியாது. முகம் மறைந்திருக்கும், ஆட்டம் மட்டும்தான் தெரியும். தோற்றவர் இன்னொரு காசு போட வேண்டும். ஜெயித்தவர் எழுந்திருக்க வேண்டாம்.

நூறு யென் என்பது நம் கணக்கில் ஐம்பது, அறுபது ரூபாய். இந்த நூறு யென்தான் இப்படிப்பட்ட கடைகளைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கரைத்தது என்று மகன் விளக்கினான். ஜப்பானில் 1989-ல் 3 சதவிகித விற்பனை வரி வந்தது. 1997-ல் 5, 2014-ல் 8, 2019-ல் 10 என்று ஏறியது. டீக்கடைக்காரர் விலையை இரண்டு ரூபாய் கூட்டிவிடலாம். காசு ஓட்டை வைத்த மெஷினில் நூற்றி மூன்று யென்னை எப்படிப் போடுவது? ஏறிய வரியெல்லாம் கடைக்காரர் தலையிலேயே விழுந்தது. பிறகு கொரோனா. செகா போன்ற பெரிய நிறுவனமே 2020-ல் தன் விளையாட்டுக் கூடங்களை வேறொரு நிறுவனத்துக்குக் கைமாற்றியது. மிகாடோவும் அப்போது தள்ளாடியது. ரசிகர்கள் இணையத்தில் பணம் திரட்டிக் கொடுத்ததால் பிழைத்தது.

தல்சிமும் நானும்

"நீ ஒரு ஆட்டம் ஆடும்மா" என்று என்னை உட்கார வைத்துவிட்டான். ஸ்ட்ரீட் ஃபைட்டர் 2. ஒசாகா நகரத்து காப்காம் கம்பெனி 1991-ல் வெளியிட்டது. ஒருவரோடு ஒருவர் மோதும் சண்டை விளையாட்டுகளுக்கெல்லாம் இதுதான் தாய்வீடு மாதிரி.

ஆளைத் தேர்ந்தெடுக்கச் சொல்லிப் படங்கள் வந்தன. அதில் நம் நாட்டுக்காரர் ஒருவர் இருக்கிறார், தல்சிம் என்று பெயர். கழுத்தில் மண்டை ஓட்டு மாலை. கை கால் ரப்பர் மாதிரி நீள்கிறது. வாயிலிருந்து நெருப்பு வருகிறது. கேட்டால் யோகாவாம். அவர் சண்டை போடும் இடத்தில் சுற்றிலும் யானைகள் நின்று தும்பிக்கையை ஆட்டுகின்றன. "தினம் காலையில நானும்தான் யோகா பண்றேன், ஒரு நெருப்புப் பொறி கூட வரலையேடா" என்றேன். அவன் சிரித்த சிரிப்பில் பக்கத்து ஸ்டூல்காரர் திரும்பிப் பார்த்தார்.

நான் சுன் லீ என்ற பெண்ணைத் தேர்ந்தெடுத்தேன். மகன் எதிர்ப்பக்கம் போய் உட்கார்ந்து காசு போட்டான். நாற்பது வினாடி கூட நான் தாங்கவில்லை. அம்மாவென்று ஒரு தாட்சண்யம் கூட இல்லை. ஆனால் ஒரு விஷயம்: அவன் முகம் தெரியவில்லை. இருபது வருஷம் பின்னோக்கிப் போன மாதிரி இருந்தது எனக்கு.

நான் உடைத்த சிடி

அவன் பிளஸ் டூ படித்தபோது திருச்சியில் இருந்தோம். சத்திரம் பேருந்து நிலையத்துப் பக்கம் ஒரு வீடியோ கேம் கடை. ஒரு ரூபாய் காசு போட்டால் ஆட்டம். முஸ்தபா கேம் என்று பிள்ளைகள் உயிரை விடுவார்களே, அதுவும் காப்காம் 1993-ல் செய்ததுதான். நிஜப் பெயர் காடிலாக்ஸ் அண்ட் டைனோசர்ஸ். அந்தக் கடையை மூடிவிட்டார்கள் என்று தெரிந்த அன்று பிள்ளையார் கோயிலில் தேங்காய் உடைத்தேன்.

ஆனால் ஒரே மாதத்தில் கடை என் வீட்டுக்குள்ளேயே வந்துவிட்டது. அவனோடு படித்த ஒரு பையன் சிடியில் எல்லா விளையாட்டையும் ரைட் பண்ணிக் கொடுத்திருந்தான். படிப்பதற்காகக் கடன் வாங்கி வாங்கிய கம்ப்யூட்டரில் இரண்டு பேரும் ஒரே கீபோர்டின் இரண்டு மூலையையும் பிடித்துக்கொண்டு ஆடுவார்கள். இயற்பியல் பரீட்சைக்கு இரண்டு நாள் முன்னால் நான் அந்த சிடியை இரண்டாக உடைத்தேன். அந்தப் பையனைப் பார்த்து, "இனிமே இந்த வாசப்படி மிதிக்காதே. நீ படிக்காம போறதுமில்லாம இவனையும் கெடுக்கிறே" என்று சொன்னேன். அவன் ஒன்றும் பேசாமல் செருப்பை மாட்டிக்கொண்டு போனான். அதற்குப் பிறகு வரவே இல்லை.

பேட்டரி தீர்ந்தால் செத்துப் போகும் பலகை

மத்தியானம் அகிஹபாரா போனோம். மின்சாதனக் கடைகளுக்குப் பேர் போன இடம். பழைய ரேடியோ வால்விலிருந்து நேற்று வந்த போன் வரைக்கும் கிடைக்கும். அங்கே ஒரு கடையில் விளையாட்டு மெஷின்களின் சர்க்யூட் பலகைகளை, நம் ஊரில் பட்டுப் புடவையை அடுக்குவது மாதிரி உறை போட்டு அடுக்கி வைத்திருந்தார்கள்.

எனக்கு அந்தப் பலகைகளைப் பார்த்ததும் கை பரபரத்தது. முப்பத்தோரு வருஷம் டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் வேலை பார்த்தவள் நான். கார்டு மாற்றுவதும் துடைத்துச் சொருகுவதும்தான் என் பிழைப்பு. ஒரு பலகையின் மூலையில் பேட்டரி இருந்தது. "இது எதுக்குடா?" என்றேன்.

அதற்கு ஒரு கதை இருக்கிறது. 1993-லிருந்து காப்காம் தன் அடுத்த தலைமுறைப் பலகைகளில் விளையாட்டைப் பூட்டுப் போட்டு வைத்தது, யாரும் திருட்டுப் பிரதி எடுக்கக் கூடாது என்று. பூட்டின் சாவி ஒரு நினைவகச் சில்லில் இருக்கும். பேட்டரி இருக்கும் வரைதான் அந்தச் சில்லுக்கு உயிர். பேட்டரி தீர்ந்தால் சாவி அழிந்துவிடும்; பலகையும் அதோடு சரி. இதைத் தற்கொலை பேட்டரி என்றே சொல்கிறார்கள். பலகையின் மற்ற பாகங்கள் எல்லாம் நன்றாக இருக்கும், ஆனால் விளையாட்டு வராது. 2001-ல் ஆர்வலர்கள் சிலர் அந்தப் பூட்டைக் கடக்க முதல் வழி கண்டார்கள். 2007-ல் பூட்டு எப்படி வேலை செய்கிறது என்பதே முழுதாகத் தெரிந்துவிட்டது.

அதைக் கேட்டபோது எனக்கு எங்கள் பழைய ஸ்ட்ரௌஜர் எக்ஸ்சேஞ்ச் ஞாபகம் வந்தது. நீங்கள் ஒரு எண்ணைச் சுழற்றினால் அங்கே ஒரு செலக்டர் படிப்படியாக மேலே ஏறி, பிறகு பக்கவாட்டில் திரும்பி, சரியான இடத்தில் போய் உட்காரும். கூடம் முழுக்க டக டக டக என்று மழை பெய்கிற சத்தம். காலையில் அந்தச் சத்தத்தைக் கேட்டே ஊரில் இன்று முகூர்த்த நாளா இல்லையா என்று சொல்லிவிடுவோம். டிஜிட்டல் வந்ததும் அத்தனையும் எடைக்குப் போனது. அந்தச் சத்தத்தை ஒரு கேசட்டில்கூட நாங்கள் பிடித்து வைக்கவில்லை.

தப்பையும் சேர்த்துக் காப்பியடிக்கணும்

அன்று ராத்திரி மகன் லேப்டாப்பைத் திறந்தான். மிகாடோவில் பார்த்த அதே திரை, அதே பாட்டு. "இதுதானே அன்னைக்கு நான் உடைச்ச சிடி?" என்றேன். "அதேதான்" என்றான்.

எமுலேட்டர் என்றால் விளையாட்டைத் திரும்ப எழுதுவது இல்லையாம். அந்தப் பழைய பலகையையே கம்ப்யூட்டருக்குள் கட்டுவது. ஸ்ட்ரீட் ஃபைட்டர் 2 பலகையில் இருந்தது 10 மெகாஹெர்ட்ஸ் வேகமுள்ள மோட்டரோலா 68000 சில்; சத்தத்துக்குத் தனியாக ஒரு இசட்80. இந்த இரண்டும் ஒவ்வொரு கட்டளைக்கும் என்ன செய்யுமோ அதை அப்படியே செய்து காட்டுகிறது மென்பொருள். உள்ளே ஓடும் விளையாட்டுக்குத் தான் லேப்டாப்பில் இருக்கிறோம் என்பதே தெரியாது.

இதில் பெரிய பெயர் மேம் என்ற மென்பொருள். இத்தாலிக்காரர் நிக்கோலா சல்மோரியா 1997 பிப்ரவரி 5 அன்று முதல் பதிப்பை வெளியிட்டார். அதன் பிறகு எத்தனையோ நாட்டுக்காரர்கள் சம்பளம் வாங்காமல் அதைச் செதுக்கி வருகிறார்கள். விளையாட்டு வேண்டுமென்பது அவர்களுக்கு இரண்டாம் பட்சம். மெஷின் எப்படி வேலை செய்தது என்ற விவரம் அழியக் கூடாது என்பதே நோக்கம்.

"தப்பைக்கூட விடாம காப்பியடிக்கணும்மா" என்றான். ஸ்ட்ரீட் ஃபைட்டர் 2-ல் ஒரு அடி விழுந்து எதிராளி நிமிர்வதற்குள் அடுத்த அடியைக் கோத்துவிடலாம். காம்போ என்று இதற்குப் பெயர். முதலில் இப்படித் திட்டமிடவே இல்லையாம். சோதித்துப் பார்த்தபோது தற்செயலாகக் கண்ணில் பட்டது. யாரும் சரியாகச் செய்ய முடியாது என்று அப்படியே விட்டுவிட்டார்கள். அதுதான் பிறகு சண்டை விளையாட்டு அத்தனைக்கும் உயிராகிவிட்டது. வினாடிக்கு ஏறக்குறைய 60 படம் ஓடுகிறது. அதில் இரண்டு மூன்று படம் நகர்வதற்குள் பட்டனைத் தட்ட வேண்டும். எமுலேட்டர் ஒரு படம் தாமதித்தாலும் பழகிய கைக்குத் தெரிந்துவிடும். பழைய கண்ணாடிக் குழாய் டிவியில் படம் வந்ததும் காட்டிவிடும். புது டிவிகள் படத்தை மெருகேற்றுகிறேன் என்று கொஞ்சம் வைத்திருந்துதான் காட்டுகின்றன. அதனால்தான் மிகாடோவில் இன்னும் அந்தக் கனமான டிவியைக் கட்டி அழுகிறார்கள்.

"சிடி தப்புதானேடா?" என்று கேட்டேன். ஒத்துக்கொண்டான். எமுலேட்டர் மென்பொருளில் குற்றமில்லை. அதற்குள் போடும் விளையாட்டுக்குச் சொந்தக்காரர் உண்டு. அப்போது காசு கொடுத்து வாங்க நமக்கு வழி இல்லை. இப்போது காப்காமே 2018-லும் 2022-லும் பழைய விளையாட்டுகளைத் தொகுத்து விற்றிருக்கிறது. இரண்டையும் வாங்கி வைத்திருக்கிறான்.

ஆறாயிரம் கிலோமீட்டருக்கு அப்பால்

மணி பதினொன்றரை. திருச்சியில் எட்டு. "இப்ப ஆட ஒருத்தன் வருவான்" என்று ஹெட்போனை எடுத்தான்.

"இங்கேர்ந்து திருச்சிக்கா? சிக்னல் தாமதம் ஆகாதா?" இது என் தொழில் சம்பந்தப்பட்ட கேள்வி. சாட்டிலைட் வழியாக வெளிநாட்டு டிரங்க் கால் போட்டால், நாம் பேசியது போய்ச் சேர கால் வினாடி ஆகும். இரண்டு பக்கமும் ஒரே நேரத்தில் ஹலோ ஹலோ என்று மோதிக்கொள்வார்கள். இப்போது கடலடியில் ஒளியிழை. ஆனாலும் திருச்சி ஆறாயிரம் கிலோமீட்டருக்கு மேல். இழைக்குள் ஒளி வினாடிக்கு இரண்டு லட்சம் கிலோமீட்டர்தான் ஓடும். நேர்கோட்டில் போனாலே விளையாட்டில் இரண்டு படம் கழிந்துவிடும்.

அதற்கும் வழி கண்டிருக்கிறார் டோனி கேனன் என்ற அமெரிக்கர், 2006-ல். எதிராளியின் சிக்னல் வரும்வரை காத்திருப்பதில்லை. போன நொடியில் செய்ததையேதான் செய்துகொண்டிருப்பான் என்று கம்ப்யூட்டர் ஊகித்து ஆட்டத்தை நகர்த்திவிடுகிறது. ஊகம் சரியென்றால் நல்லது. தப்பென்றால், சேமித்து வைத்த பழைய நிலைக்குத் திரும்பிப் போய், நிஜமாக அழுத்திய பட்டனை வைத்துத் திருத்தி, கண் இமைப்பதற்குள் இங்கே வந்துவிடுகிறது. பழைய பலகையின் மொத்த நினைவகமும் சில நூறு கிலோபைட்தான். அதனால் இது முடிகிறது. அசல் பலகையால் இதைச் செய்ய முடியாது. பிரதியால்தான் முடியும்.

விளையாட்டு தொடங்கியது. ஆடிக்கொண்டே மகன் சொன்னான், "அம்மா இங்கதான்டா இருக்காங்க." பிறகு ஹெட்போன் வயரைக் கழற்றிவிட்டான்.

ஸ்பீக்கரில் ஒரு குரல். "அம்மா... நல்லா இருக்கீங்களாம்மா? ஊர் சுத்திப் பார்த்தீங்களா?"

யாரென்று மகன் சொல்லவே வேண்டியிருக்கவில்லை. நான் திரையைப் பார்த்தேன். இரண்டு பொம்மையும் அசையாமல் நின்றுகொண்டிருந்தன. இருவருமே கையை எடுத்துவிட்டு எனக்காகக் காத்திருக்கிறார்கள்.

"நல்லா இருக்கேன்ப்பா" என்றேன். அதற்கு மேல் உடனே வரவில்லை. அந்தப் பக்கமும் சத்தம் இல்லை. பிறகு கேட்டேன், "அன்னைக்கு உன்னை அப்படிப் பேசியிருக்கக் கூடாது. அடுத்த வாரம் ஊருக்கு வந்துடுவேன். வீட்டுக்கு வர்றியா?"

"வர்றேம்மா. அட்ரஸ் அதேதானே?"

"அதேதான்."

"சரிம்மா" என்றான். அடுத்த நொடி என் மகனின் பொம்மை சுருண்டு கீழே விழுந்தது. நான் பேசிக்கொண்டிருந்த நேரம் பார்த்து அடித்துவிட்டான், படவா!

போக நினைப்பவர்களுக்கு

யமனோடே ரயிலில் ஷின்ஜுகுவிலிருந்து இரண்டாவது ஸ்டேஷன் தகதானோபாபா. கிளம்பும் முன் கேம் சென்டர் மிகாடோ திறந்திருக்கும் நேரத்தை இணையத்தில் பார்த்துக்கொள்ளுங்கள். நூறு யென் காசுகளைச் சில்லறையாக வைத்துக்கொண்டால் நல்லது. விளையாடுபவர்கள் முகம் தெரியும்படி அனுமதி இல்லாமல் படம் எடுக்காதீர்கள். அகிஹபாராவில் பழைய விளையாட்டுகளைப் பார்க்க டைட்டோ நிறுவனத்தின் ஹே என்ற கூடம் உண்டு. டோக்கியோ போக முடியாதவர்கள் கம்பெனிகளே விற்கும் பழைய விளையாட்டுத் தொகுப்பை வாங்கி வீட்டிலேயே ஆடலாம். பிள்ளைகளின் நண்பர்கள் ஆட வந்தால் காபி கொடுத்து உட்கார வையுங்கள்.